தூக்கிப் போடச் சொன்ன நாலு செடி

2006-ஆம் வருஷம் தீபாவளி முடிந்து ஒரு வாரம் இருக்கும். சிவகாசியில் அய்யாதுரை முதலாளி வீட்டு வாசலில், கொடைக்கானலிலிருந்து வந்த வேன் ஒன்று பன்னிரண்டு செடித் தொட்டிகளை இறக்கிவிட்டுப் போனது. ஒவ்வொரு தொட்டியையும் தங்க நிற ஜிகினாத் தாளால் சுற்றி ரிப்பன் கட்டியிருந்தார்கள். பார்க்கச் சாதாரணப் பச்சை இலைச் செடிதான். உச்சியில் மட்டும் ஒன்றிரண்டு இலைகளில் லேசாகச் சிவப்பு ஓடியிருந்தது.

"இதுக்குப் பேரு பாயின்செட்டியா, அய்யம்மா," என்றாள் முதலாளியின் மனைவி சொர்ணலட்சுமி. "டிசம்பர் மாசம் உச்சி எலையெல்லாம் பூ மாதிரி ரத்தச் செவப்பா ஆயிருமாம். அமெரிக்காவுல கிறிஸ்மஸ் நேரம் எல்லார் வீட்டு வாசல்லயும் இந்தச் செடிதான்னு ஸ்ரீமதி போன்ல சொன்னா. அவ வரும்போது வாசல் நெடுக இது நிக்கணும். பேரனுக்கு மொதப் பொறந்தநாளு டிசம்பர் இருபத்தஞ்சு. ஒண்ணுகூடப் பட்டுப்போகக் கூடாது. உன் பொறுப்பு."

"சரிங்கம்மா," என்றாள் அய்யம்மாள்.

ஸ்ரீமதி அந்த வீட்டின் ஒரே மகள். கல்யாணமாகி அமெரிக்கா போய் நாலு வருஷத்துக்கு அப்புறம் இப்போதுதான் வருகிறாள். பேரனை சொர்ணலட்சுமி போட்டோவில்தான் பார்த்திருக்கிறாள்.

அய்யம்மாள் அந்த வீட்டுத் தோட்டத்துக்கு வந்து மூன்று வருஷம் ஆகியிருந்தது. அதற்கு முன்னால் விஸ்வநத்தம் பக்கம் இதே முதலாளியின் பயர் ஆபீசில், அதாவது பட்டாசுக் கம்பெனியில், மருந்து ரூமில் வேலை பார்த்தாள். புஸ்வாணக் கூட்டுக்குள் மருந்து செலுத்துவது அவள் வேலை. ஒரு வைகாசி மத்தியானம் ரூம் பற்றிக்கொண்டது. இரண்டு பேர் செத்துப்போனார்கள். அய்யம்மாள் ஐந்து மாதம் ஆஸ்பத்திரியில் கிடந்து எழுந்து வந்தாள். வலது கையில் மூன்று விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டிப்போயிருந்தன. கட்டைவிரலில் ரேகையே இல்லை. முதலாளி ஆள் அனுப்பி, இனி ஆயுசுக்கும் வீட்டுத் தோட்டத்தில் வேலை என்று சொன்னார். கூடவே ஒரு காகிதம் வந்தது. இடது கையால் கைநாட்டு வைத்துக் கொடுத்தாள். புருஷன் இல்லாதவள். மகள் பொன்மணி அப்போது பத்தாவது படித்துக்கொண்டிருந்தாள். வேறு என்ன செய்திருக்க முடியும் என்று அய்யம்மாள் பிறகு பல தடவை யோசித்திருக்கிறாள். ஒன்றும் தோன்றியதில்லை.

செடிகள் வந்த முதல் நாளே ஒரு இலை உடைந்து விழுந்தது. காம்பிலிருந்து பாலாக வடிந்தது. அய்யம்மாளுக்கு அது ஆச்சரியமாக இருந்தது. ஆனைக்குட்டத்துப் பக்கம் அவள் பிறந்த ஊரில் வேலிக்கெல்லாம் கள்ளிதான். ஒடித்தால் இப்படித்தான் பால் வரும். இலையும் நிறமும் வேறாக இருந்தாலும் இது கள்ளிச் சாதிதான் என்று அவளுக்குப் பட்டது.

"அம்மா, இதுக்குத் தண்ணி கொஞ்சமா ஊத்துனாப் போதுமோ? மண்ணு காஞ்ச பெறகு ஊத்துவமா?" என்று கேட்டாள்.

சொர்ணலட்சுமி சிரித்தாள். "குளுர்ல வளந்த செடி அய்யம்மா. இங்கன வெக்கைக்கு மூணு வேளை ஊத்துனாத்தான் உசுரோட இருக்கும். எலை வாடாமப் பாத்துக்க."

மூன்று வேளை ஊற்றினாள். ஐப்பசி மழை வந்தும் வராமலும் புழுக்கிக்கொண்டிருந்த நாட்கள் அவை. காலையில் தூறும், பத்து மணிக்கு வெயில் சுள்ளென்று அடிக்கும், மத்தியானம் காற்றே இல்லாமல் உடம்பு நசநசக்கும். ஊற்றிய தண்ணீர் காயவே இல்லை. தொட்டியின் அடியில் ஓட்டை இருந்தது; ஆனால் ஜிகினாத் தாள் தண்ணீரை வெளியே விடாமல் பிடித்து வைத்துக்கொண்டது. இடது கை ஆள்காட்டி விரலை மண்ணுக்குள் விட்டுப் பார்ப்பாள். வலது கையில் ஈரமும் தெரியாது, சூடும் தெரியாது. மண் சொதசொதவென்று இருக்கும். நாலாவது நாள் ஒரு தொட்டியைத் தூக்கியபோது தாளுக்குள் தண்ணீர் தளும்பும் சத்தம் கேட்டது.

தாளைக் கிழித்துவிடலாம். ஆனால் அந்தத் தாளும் ரிப்பனும் அப்படியே இருக்க வேண்டும் என்பது சொர்ணலட்சுமியின் ஆசை. வெறும் மண் தொட்டியை வாசலில் வைத்தால் நர்சரி மாதிரி இருக்கும் என்றாள். மாடி வராந்தாவில் நாற்காலி போட்டு உட்கார்ந்து காபி குடிக்கும்போது, மூன்று வேளையும் தண்ணீர் போகிறதா என்று எட்டிப் பார்த்துக்கொள்வாள்.

இரண்டாவது வாரம் அடி இலைகள் மஞ்சளாகிக் கொட்ட ஆரம்பித்தன. பிறகு மேல் இலைகள் துவண்டன. தண்ணீர் இல்லாமல் வாடின செடி எப்படி இருக்குமோ அப்படியே இருந்தது. சொர்ணலட்சுமி இறங்கி வந்து பார்த்துப் பதறிப்போனாள்.

"தண்ணி ஊத்துனியா இல்லியா?"

"ஊத்துனேன்ம்மா. மண்ணு ஈரமாத்தான் இருக்கு, தொட்டுப் பாருங்க. வேரு அழுகுதோன்னு..."

"ஈரமா இருந்தா எதுக்கு வாடுது? இன்னும் கூட ஊத்து. ராத்திரிக்கு வாச்மேனையும் ஒரு வேளை ஊத்தச் சொல்றேன்."

அய்யம்மாள் வாயை மூடிக்கொண்டாள். அவள் வாயை மூடிக்கொள்ள வேறு காரணமும் இருந்தது.

தீபாவளி முடிந்து மூடியிருந்த பயர் ஆபீஸ்கள் கார்த்திகையில் திறக்கும். பொன்மணி இரண்டு வருஷமாக அதே கம்பெனியில் பேக்கிங்கில் இருந்தாள். லேபிள் ஒட்டுவது, பெட்டியில் அடுக்குவது. புது சீசனிலிருந்து அவளை மருந்து ரூமுக்கு மாற்றுவதாக போர்மேன் பெத்தணன் சொல்லி அனுப்பியிருந்தான். அவள் கை அவ்வளவு வேகமாம். பொன்மணி அதைப் பெருமையாகச் சொன்னாள். கேட்ட நாளிலிருந்து அய்யம்மாளுக்குச் சோறு இறங்கவில்லை.

ஒரு நாள் காபித் தம்ளரைக் கழுவி வைக்கிற சாக்கில் சொர்ணலட்சுமியிடம் கேட்டுவிட்டாள். "அம்மா, எம்மகள மருந்து ரூமுல போடப் போறாகளாம். மொதலாளிகிட்ட ஒரு வார்த்தை சொல்லி நம்ம அச்சாபீசுல எதாச்சும் வேலை போட்டுத் தரச் சொல்லுங்கம்மா. காலண்டர் தலையில தகரத் தகடு அடிக்கிற வேலைன்னாலும் போதும்."

சொர்ணலட்சுமி இரக்கமில்லாதவள் இல்லை. அய்யம்மாளின் கையைப் பார்த்தாள். "சொல்றேன் அய்யம்மா. அவுக இப்ப ஆர்டர் டென்ஷன்ல இருக்காக. ஸ்ரீமதி வந்து விசேஷம் நல்லபடியா நடக்கட்டும். மொதல்ல நீ இந்தச் செடியக் காப்பாத்து பாப்போம்."

அப்போதிலிருந்து அந்தப் பன்னிரண்டு தொட்டிகளும் வெறும் தொட்டிகளாக இல்லை. காலையில் கேட்டைத் திறந்து உள்ளே வரும்போதே கொட்டிய இலைகளை எண்ணுவாள். இலைக்கு அடியில் வெள்ளைப் பூச்சி அடைந்தால் ஈரத்துணியால் ஒவ்வொன்றாகத் துடைப்பாள். எதிர் வெயிலுக்குச் சாக்கைக் கட்டுவாள். எல்லாம் செய்தாள், தண்ணீரை நிறுத்துவதை மட்டும் அவளால் செய்ய முடியவில்லை. மேலே நாற்காலியில் ஆள் உட்கார்ந்திருக்கும். கையில் தண்ணீர் மக்கை வைத்துக்கொண்டு, ஊற்றினால் சாகும் என்று தெரிந்தே ஊற்றினாள்.

கார்த்திகை பிறந்த வாரம் நாலு செடிகள் தலையே தொங்கிப்போய்விட்டன. சொர்ணலட்சுமி முகத்தைச் சுளித்தாள். "இது தேறாது. அந்த நாலையும் தூக்கிக் குப்பையில போட்டுரு. மத்ததுக்கும் சீக்குப் பரவிறப் போகுது."

அய்யம்மாள் நாலையும் தூக்கிக்கொண்டு பின்பக்கம் போனாள். குப்பைமேட்டுக்குப் போகிற வழியில் மோட்டார் ரூம். அதற்குப் பின்னால் சுவருக்கும் வாதா மரத்துக்கும் நடுவே ஒரு ஆள் நிற்கிற இடம் இருந்தது. அங்கே இறக்கி வைத்து ஜிகினாத் தாளை உரித்தாள். அழுகல் வாடை குப்பென்று வந்தது. ஒரு செடியைத் தொட்டியோடு கவிழ்த்துப் பார்த்தாள். வேர் பாதி பழுப்பாகிக் கொழகொழத்திருந்தது. பாதி இன்னும் வெள்ளையாக இருந்தது. அழுகினதைக் கிள்ளி எறிந்தாள். வெயிலில் காய்ந்த மணலைக் கரம்பை மண்ணோடு கலந்து மறுபடி நட்டாள். நாலுக்கும் அப்படியே செய்தாள். பிறகு எட்டு நாள் ஒரு சொட்டுத் தண்ணீர் காட்டவில்லை. ஒன்பதாம் நாள் விரலை விட்டுப் பார்த்து, உள்ளே காய்ந்திருந்ததால், காலையில் அரை மக் ஊற்றினாள். அவ்வளவுதான்.

போடச் சொன்னதைப் போடாமல் ஒளித்து வைத்திருப்பது அவளுக்குத் திக்திக்கென்றுதான் இருந்தது. யார் கேட்டாலும் உரத்துக்கு வைத்திருக்கிறேன் என்று சொல்ல நினைத்திருந்தாள். யாரும் அந்தப் பக்கம் வரவில்லை.

இதற்கிடையில் பயர் ஆபீஸ் திறந்துவிட்டது. பொன்மணி மருந்து ரூமுக்குப் போக ஆரம்பித்தாள். சாயங்காலம் வேனில் வந்து இறங்கும்போது காதோரமும் கண் இமையும் வெள்ளி நிறத்தில் மினுங்கும். அலுமினியப் பொடி. அய்யம்மாள் வெந்நீர் போட்டுக் கொடுப்பாள். பக்கத்தில் உட்கார்ந்து மருந்து செலுத்துகிற செல்வலட்சுமியைப் பற்றி மகள் ஓயாமல் பேசுவாள். இரண்டு பேருக்கும் யார் முந்தி என்று போட்டி. "இன்னைக்கும் நாந்தாம்மா ஃபர்ஸ்ட்டு," என்பாள். அந்த வேகம் யாரிடமிருந்து வந்தது என்று அய்யம்மாளுக்குத் தெரியும்.

மார்கழி தொடங்குவதற்குள் வாசலில் இருந்த எட்டில் ஆறு செத்துப்போயின. மீதி இரண்டு மொட்டைக் குச்சியாக, உச்சியில் நாலு பச்சை இலையோடு நின்றன. சிவக்கவே இல்லை. சொர்ணலட்சுமி படியில் உட்கார்ந்து அந்தக் குச்சிகளைத் தடவிப் பார்த்துக்கொண்டு, "நாம என்ன கொறை வச்சோம்? தண்ணிதான ஊத்துனோம்," என்று சொன்னபோது கண்ணில் நீர் நின்றது. அடுத்த நிமிஷம் அய்யம்மாள் பக்கம் திரும்பினாள். "உன்ன நம்பி ஒப்படைச்சேன் பாரு. பொறுப்பா ஒரு வேலை பாக்கத் தெரியலையே உனக்கு."

அய்யம்மாள் பிறகு பின்பக்கம் போய் முதல் தொட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தாள்.

சொர்ணலட்சுமி எழுந்துவிட்டாள். கணுவுக்குக் கணு தழைத்து, உச்சியில் அகல அகலமாக இலை விரிந்து, செடி செக்கச் செவேலென்று இருந்தது. அய்யம்மாள் நாலையும் வரிசையாக வைத்தாள்.

"இது எங்கன இருந்துச்சு?"

"பின்னால வச்சிருந்தேன்ம்மா. தூக்கிப் போட மனசு வரல."

"நான் சொன்ன மாதிரி மூணு வேளை தண்ணி ஊத்துனியா?"

அய்யம்மாள் ஒரு கணம் அவள் முகத்தைப் பார்த்தாள். "ஆமாம்மா," என்றாள்.

"பாத்தியா! இத மாதிரி அம்புட்டுக்கும் ஒழுங்கா ஊத்தியிருந்தா எல்லாம் பொழச்சிருக்கும்."

வாசலில் விடிய விடிய டியூப் லைட் எரிகிறது, அந்தச் செடிகளுக்கு ராத்திரியே இல்லை, அதனாலும் சிவக்காமல் இருந்திருக்கலாம் என்று அய்யம்மாளுக்கு ஒரு நினைப்பு இருந்தது. அதையும் சொல்லவில்லை. சொர்ணலட்சுமியின் இந்தச் சந்தோஷம் மகளின் வேலைக்காக அவளுக்கு வேண்டியிருந்தது. நினைத்தபடியே சொர்ணலட்சுமி அன்று மத்தியானம் புருஷனோடு போனில் பேசிவிட்டுக் கூப்பிட்டாள். "உம்மகளுக்குச் சொல்லியாச்சு. திங்கக்கிழமைல இருந்து அச்சாபீசுக்கு வரச் சொல்லு. தகடு அடிக்கிற எடம். உக்காந்த எடத்துல வேலை. மேனேஜர் ராஜபாண்டியனப் பாக்கச் சொல்லு."

அய்யம்மாள் அவள் காலைத் தொடப் போனாள். சொர்ணலட்சுமி விலகிக்கொண்டு, "சரி சரி, போ," என்றாள்.

சாயங்காலம் பொன்மணி முகம் கழுவி முடிக்கிறவரைக்கும் அய்யம்மாளால் பொறுக்க முடியவில்லை. துண்டை நீட்டிக்கொண்டே சொன்னாள்.

பொன்மணி துடைப்பதை நிறுத்தினாள். "யாரு கேட்டா?"

"நாந்தான் கேட்டேன்."

"எனக்கு வேண்டாம்."

"என்னட்டி சொல்ற? அச்சாபீசு வேலைக்கு எத்தனை பேரு அலையுதாக தெரியுமா?"

"அலையுறவுக போகட்டும். அந்த வீட்டுல சொல்லி வாங்குன வேலைய நான் பாக்க மாட்டேன். நீ கைநாட்டு வச்சு வாங்குனியே ஒண்ணு, அது போதும்."

"அதுக்கும் இதுக்கும் என்ன?"

"அந்தக் காகிதத்துல என்ன எழுதியிருந்துச்சுன்னு ஒனக்குத் தெரியாது. நாந்தான் வாசிச்சேன். 'என்னுடைய கவனக்குறைவால் தீப்பிடித்தது'னு போட்டிருந்துச்சு. நாலு பேரு இருக்க வேண்டிய ரூம்ல அன்னைக்கு ஒம்பது பேரு இருந்தீக. அது அதுல இல்ல. செத்துப்போன ரெண்டு பேரு பேரும் இல்ல. ஒங்கிட்டச் சொன்னா ஒடஞ்சு போயிருவியேன்னு அன்னைக்கு நான் சொல்லல."

அய்யம்மாளுக்கு 'கவனக்குறைவு' என்ற வார்த்தை புரியச் சற்று நேரம் ஆனது. புரிந்ததும் கோபம் வந்தது. யார் மேல் என்று தெரியாத கோபம். "அதுக்காக வீம்புக்கு மருந்து ரூமுல போயி உக்காருவியா? என் கையப் பாத்துமா?"

"வீம்பு இல்லம்மா. எனக்கு அந்த வேல வருது. எங் கை நல்லாயிருக்கு. யாரு கால்லயும் விழாம நானா சம்பாதிக்கிறேன். ஒனக்கு நடந்தது எனக்கும் நடக்கும்னு என்ன இருக்கு?"

அய்யம்மாள் அடிக்கக் கை ஓங்கினாள். ஓங்கினது வலது கை. பொன்மணி நகரவில்லை; அந்தக் கையைப் பார்த்துக்கொண்டே நின்றாள். அய்யம்மாள் கையை இறக்கிக்கொண்டு அடுப்படிக்குள் போய்விட்டாள்.

திங்கட்கிழமை, செவ்வாய்க்கிழமை இரண்டு நாளும் கெஞ்சிப் பார்த்தாள். புதன்கிழமை சொர்ணலட்சுமியே கேட்டாள். "ஏன் உம்மக வரலையாம்?"

"அவ... அவளுக்கு இஷ்டமில்லங்கிறாம்மா."

சொர்ணலட்சுமியின் முகம் மாறியது. "கேட்டு வாங்கிட்டு இப்ப வேண்டாங்கிறீகளா? அவுககிட்ட நான் என்னன்னு சொல்றது? இனிமே எதுக்கும் எங்கிட்ட வந்து நிக்காத." அச்சாபீசில் அந்த இடத்துக்கு மறுநாளே வேறு ஒருத்தி வந்துவிட்டாள்.

ஸ்ரீமதி வந்தாள். பேரனின் பிறந்தநாள் நடந்தது. நாலு சிவப்புச் செடிகளையும் ஹாலுக்குள் ஏ.சி. மிஷினுக்கு நேர் கீழே வைத்துப் போட்டோ எடுத்தார்கள். ஸ்ரீமதி, "இங்கன கூட இப்படி வருதா!" என்று வியந்தாள். சொர்ணலட்சுமி, "நான் வளத்தது," என்றாள். ஏ.சி. காற்றில் ஒரு வாரத்துக்குள் சிவப்பு இலைகள் சுருண்டு உதிர்ந்தன. ஸ்ரீமதி ஊருக்குப் போனதும் நாலு தொட்டிகளும் மறுபடி வாசலுக்கு வந்தன. மூன்று வேளை தண்ணீர் ஊற்றும்படி உத்தரவு வந்தது. அய்யம்மாள் ஊற்றினாள்.

பொங்கல் கழிந்த பிறகு ஒரு வியாழக்கிழமை. மத்தியானத் தண்ணீரை ஊற்றிக்கொண்டிருந்தபோது விஸ்வநத்தம் பக்கமிருந்து சத்தம் வந்தது. வீட்டுக் கண்ணாடிகள் அதிர்ந்தன. அடுத்தடுத்து இன்னும் மூன்று. மக்கை எங்கே போட்டாள் என்று தெரியாது. கேட்டைத் தாண்டி ரோட்டில் ஓடினாள். ஒரு ஷேர் ஆட்டோக்காரன் ஏற்றிக்கொண்டான். "எந்தக் கம்பெனி?" என்று அவள் கேட்டுக்கொண்டே வந்தாள். அவனுக்கும் தெரியவில்லை. தூரத்தில் வெள்ளைப் புகை எழும்பி நின்றது. அது பொன்மணி வேலை பார்க்கும் இடம் இருக்கிற திசைதான்.

போலீஸ் ஆட்டோவை மறித்தது. அங்கிருந்து ஓடினாள். வழி நெடுகப் பெண்கள் ஓடிக்கொண்டிருந்தார்கள். யாரும் யாரிடமும் எதுவும் கேட்கவில்லை. கம்பெனி கேட்டுக்கு வந்தபோது ஷெட்டுகள் அப்படியே நிற்பதைப் பார்த்தாள். புகை அதற்கும் அப்பால், அடுத்த கம்பெனியிலிருந்து வந்தது. வேலைக்காரர்கள் எல்லோரையும் வெளியே ஒரு வேப்பமரத்தடியில் நிறுத்தியிருந்தார்கள். அங்கே பொன்மணி தரையில் உட்கார்ந்து ஒரு பெண்ணை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தாள். அந்தப் பெண் திமிறிக்கொண்டு அலறினாள். அது செல்வலட்சுமி. அவள் அம்மா வேலை பார்த்தது அந்த அடுத்த கம்பெனியில்.

அய்யம்மாளைப் பார்த்ததும் பொன்மணி, "எம்மா, இவ கையப் புடி. அங்கன ஓடப் பாக்குறா," என்றாள். அய்யம்மாள் உட்கார்ந்து பிடித்தாள். ஒட்டின விரல்களால் சரியாகப் பிடிக்க முடியவில்லை. மணிக்கட்டால் அணைத்துப் பிடித்தாள். பொழுது சாயும்போதுதான் செல்வலட்சுமியை அவள் அம்மாவின் உடலை அடையாளம் சொல்லக் கூப்பிட்டார்கள். காதுத் தோட்டை வைத்துச் சொன்னார்கள்.

அம்மாவும் மகளும் விஸ்வநத்தம் ரோட்டில் நடந்தே திரும்பினார்கள். ஒரு டீக்கடையில் பொன்மணி தண்ணீர் வாங்கிக் குடித்தாள். குடித்துவிட்டுச் சொன்னாள்: "நாளைக்கும் நாளான்னைக்கும் லீவு. திங்கக்கிழமை வரச் சொல்லிருக்காக."

"போவியா?"

டீக்கடைக்காரர் தம்ளரைக் கேட்டு வாங்கிக்கொண்டார்.

திங்கட்கிழமை அவள் போனாள். அய்யம்மாள் சோற்றுத் தூக்கை நிரப்பிக் கொடுத்தாள், தடுக்கவில்லை. அம்மாவின் பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள் செல்வலட்சுமியும் வந்து வேனுக்கு நின்றாள். வேன் நிறைந்திருந்தது. பொன்மணி ஜன்னலோரம் நகர்ந்து அவளுக்கு இடம் விட்டாள். வேன் கிளம்பிப் போனது. அய்யம்மாளுக்கும் வேலைக்கு நேரமாகிவிட்டது.